இவர் இல்லையென்றால் அவர்

அத்தியாயம் ஒன்பது

நான் அதிகமாக ஜோக் அடித்தால் எதையோ மறைக்கிறேன் என்று அர்த்தம். இந்த ஊரின் மிகப் பெரிய துப்பறிவாளர் பதினோரு வருடமாக என் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறார். அவர் இதை இன்னும் கண்டுபிடிக்கவில்லை.

அவரை எல்லோரும் மேதை என்றுதான் கூப்பிடுவார்கள். முதலில் கிண்டலாகத்தான் சொன்னார்கள். அவர் அதையே பெயர்ப்பலகையில் எழுதி மாட்டியதும் கிண்டல் செய்தவர்கள் களைத்துப் போய்விட்டார்கள். என்னை அவர் ‘பின்குறிப்பு’ என்பார். அவர் பேசி முடித்த பிறகு நான் ஒரு வரி சேர்க்காமல் விட மாட்டேனாம்.

அன்றைக்கு மதியம் ஒன்றரை மணி. மேதை தன் பதக்கத்தை மெல்லிய துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். கதவைத் தட்டாமல் ஒரு பெண் உள்ளே வந்தாள். முப்பது வயது இருக்கும். விரல் நுனியெல்லாம் கம்பி குத்திய தழும்பு. தோளில் தொங்கிய பையிலிருந்து ஏழெட்டுக் குடைகள் எட்டிப் பார்த்தன.

“மார்க்கெட் வாசல்ல குடை ரிப்பேர் கடை வெச்சிருக்கேன்” என்றாள். “எங்கம்மாவை ஜெயிலுக்கு அனுப்பினது நீங்கதான்.”

“நிறைய பேரை அனுப்பியிருக்கேன். எந்த அம்மா?” என்றார் மேதை, பதக்கத்தை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தபடி.

“நியதி நிலையத்துல துப்புரவு வேலை பார்த்தாங்க. வெள்ளிக்கோல் கேஸ். நீங்க துடைச்சுக்கிட்டு இருக்கீங்களே, அது அந்தக் கேஸ் நடந்த அன்னிக்கு மேடையில கொடுத்ததுதான்.”

நாற்காலி முதுகில் மாட்டியிருந்த என் குடையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். சும்மாதான்.

மற்ற ஊர்களில் வானிலை மாறும். எங்கள் ஊரில் அதோடு தர்க்கமும் மாறும். வருடத்துக்கு நாலைந்து தடவை, தர்க்க விதிகளில் ஏதாவது ஒன்று சொல்லாமல் கொள்ளாமல் லீவில் போய்விடும். இரண்டு மூன்று நாளில், சில சமயம் ஒரு வாரத்தில், திரும்பி வரும். போன வருடம் ‘பெரியதைவிடப் பெரியது’ விதி போனபோது அப்பா சட்டை அண்ணன் சட்டையைவிடப் பெரிதாக இருந்தது. அண்ணன் சட்டை தம்பி சட்டையைவிடப் பெரிது. தம்பி சட்டை அப்பா சட்டையைவிடப் பெரிது. தையல்காரர்கள் கடையைச் சாத்திவிட்டு வீட்டில் படுத்துக்கொண்டார்கள். எந்த விதி போயிருக்கிறது என்று சோதித்து, மணி அடித்து, தெருக்கம்ப ஒலிபெருக்கிகளில் ஊருக்குச் சொல்வதற்காகத்தான் நியதி நிலையம் இருக்கிறது.

ஏழு வாரத்துக்கு முன் அந்த நிலையத்தின் ஆண்டு விழா. நிலையத்தின் தலைவர் தன் உரையை முடித்ததும் வெள்ளிப்பூண் போட்ட கோலால் மேடையை மூன்று முறை தட்டுவது வழக்கம். கை நீளம், விரல் பருமன். முந்தின நாளே அதை மேடைக்குப் பின்னால் இருக்கும் இரண்டு அலமாரிகளில் ஒன்றில் வைத்து, விழா அன்று காலையில் பூட்டினார்கள். பதினோரு மணிக்கு எடுக்கப் போனால் மேல் அலமாரியில் இல்லை. கீழ் அலமாரியிலும் இல்லை. சாவி இரண்டே பேரிடம்: பண்டகக் காப்பாளர், துப்புரவு அம்மா. காப்பாளர் காலையிலிருந்து மேடையில் மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

சிறப்பு விருந்தினராக முன்வரிசையில் இருந்த மேதை எழுந்தார். “இவர் இல்லையென்றால் அவர்!” என்றார். வேறெதுவும் சொல்லவில்லை. அரங்கமே கைதட்டியது. நானும் தட்டினேன்.

“நாலு மணிக்கு மேல்முறையீட்டு அதிகாரி கையெழுத்துப் போட்டுட்டா அம்மாவை மலையடிவாரச் சிறைக்கு மாத்திடுவாங்க. ஆறு வருஷம்” என்றாள் குடைக்காரி. “வாரத்துக்கு ஒருதடவை போய்ப் பார்க்கிறேன். ஒவ்வொரு தடவையும் அந்த ஹாலை இப்ப யார் துடைக்கிறான்னு கேக்கறாங்க. நேத்து மட்டும் வேற ஒண்ணு சொன்னாங்க. அன்னிக்கு அவங்க வராந்தாவைத் துடைச்சுக்கிட்டு இருந்தப்ப, பந்துக்கார அக்கா சோதனை ரூமிலிருந்து கத்திக்கிட்டே ஓடி வந்தாங்களாம். வாசல்ல நின்ன சேவகர் வாயில விரலை வெச்சு ‘உஸ்’ன்னு நிறுத்திட்டாராம்.”

மேதையின் துணி நின்றது. “எத்தனை மணிக்கு?”

“துடைக்கிறவங்க கையில வாட்ச் கட்ட மாட்டாங்க ஐயா.”

“அன்னிக்கு ‘இது இல்லையென்றால் அது’ விதி போனது பதினொண்ணு இருபத்தஞ்சுக்கு. பதிவேட்டுல இருக்கு. நான் முடிவு சொன்னது பதினொண்ணு அஞ்சுக்கு. என் தர்க்கம் முழு ஆரோக்கியத்தோட இருந்த நேரம்.” எழுந்து கோட்டை மாட்டினார். “இருந்தாலும் வா. உன் சந்தேகத்தை அந்த இடத்துலயே அடக்கம் பண்ணிடலாம்.”

“நான் கிளம்பறேன் சார், பல்வலி” என்றேன்.

“எந்தப் பல்?”

“கேஸைப் பொறுத்து மாறும்.”

அவர் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை. என் மடியையே பார்த்தாள்.

*

பாதி வழியில் தூறல் பிடித்துக்கொண்டது. குடைக்காரி பையிலிருந்து ஒன்றை எடுத்து மேதைக்கு விரித்துக் கொடுத்தாள், இன்னொன்றைத் தனக்கு. நான் என் குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நனைந்தபடி நடந்தேன்.

“ஏன்ணே, அதை விரிக்கலியா?”

“இது வெயில் குடைம்மா. நனைஞ்சா ஜலதோஷம் பிடிக்கும். குடைக்கு.”

“பின்குறிப்பு” என்றார் மேதை திரும்பாமல், “உன் நகைச்சுவை நாளுக்கு நாள் மட்டமாயிட்டு வருது.”

ஏழு வாரமாக, என்று நான் சேர்த்திருக்க வேண்டும்.

நியதி நிலையத்தின் வராந்தாவில் சுவர் தெரியாது. நிலையத்தின் தலைவர் தான் பிறப்பித்த சுற்றறிக்கைகளையெல்லாம் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டி வைத்திருந்தார். குடிநீர்ப் பானை மூடியைத் திரும்ப மூடுவது பற்றிய சுற்றறிக்கைக்குத் தங்க வண்ணச் சட்டம்.

பந்துக்கார அக்கா சோதனை அறையில் இருந்தார். அவருடைய வேலை எளிமையானது. திரைக்குப் பின்னால் இருப்பவர் இரண்டு பெட்டிகளில் ஏதாவது ஒன்றில் ஒரு ரப்பர் பந்தைப் போட்டு வெளியே தள்ளுவார். அக்கா ஒரு பெட்டியைத் திறப்பார். பந்து இல்லையென்றால் மற்றதைத் திறப்பார். அங்கே பந்து இருந்தால் ‘இது இல்லையென்றால் அது’ விதி நலம். கால் மணிக்கு ஒருதடவை, இருபத்திரண்டு வருடமாக.

“அன்னிக்கு ரெண்டு பெட்டியிலயும் பந்து இல்லை” என்றார் அக்கா. “இந்த வேலையில அப்படி நான் பார்த்தது அது மூணாவது தடவை. போட்டது நிஜம். வெளியே எடுக்கலை. ஆனா ரெண்டுலயும் கிடையாது.”

“நேரம்?” என்றார் மேதை.

“பதிவேட்டுல பதினொண்ணு இருபத்தஞ்சு.”

மேதை கைகளை விரித்து, அரங்கம் நிறைந்திருப்பதுபோல எங்கள் இருவரையும் பார்த்தார்.

“பதிவேட்டைக் கேக்கலைக்கா” என்றாள் குடைக்காரி. “பந்தைக் கேக்கறேன்.”

அக்கா தன் சேலை நுனியைச் சுருட்டினார். “மணி அடிச்ச நேரத்தைத்தான் பதிவேட்டுல ஏத்தணும், அது இங்க நடைமுறை. மணி அடிக்காம நியதி மாறினதாகாது. மணியை எப்ப அடிக்கணும்னு நானா முடிவு பண்றேன்?”

“மணியை ஏன் உடனே அடிக்கலை?”

அக்கா கண்ணை மட்டும் வராந்தாப் பக்கம் ஒருதடவை திருப்பிவிட்டு, இரண்டு பெட்டிகளையும் துடைக்க ஆரம்பித்தார்.

நாங்கள் வெளியே வந்தோம். மேதை சுவரில் சாய்ந்துகொண்டு, சாட்சி தடுமாறுவதன் ஏழு அறிகுறிகளைப் பற்றிப் பேசத் தொடங்கினார். நாலாவது அறிகுறியில் இருந்தபோது குடைக்காரி, “ஐயா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க” என்றாள்.

அவர் தலைக்குப் பின்னால், பெரிய சட்டத்தில், ஆண்டு விழாவுக்கு முந்தின நாள் தேதியிட்ட சுற்றறிக்கை. தலைவர் பத்தே முக்கால் முதல் உரையாற்றுவார் என்றும், உரை முடியும்வரை நிலைய வளாகத்தில் எந்த மணியும் ஒலிக்கலாகாது என்றும், மீறுவோர் மீது நடவடிக்கை பாயும் என்றும் இருந்தது. கையெழுத்து சுற்றறிக்கையைவிடப் பெரிது.

“உரை எப்ப முடிஞ்சுது?” என்றாள் அவள்.

எனக்கும் மேதைக்கும் நினைவிருந்தது. கோல் காணவில்லை என்ற பரபரப்பு, மேதையின் முடிவு, கைதட்டல், எல்லாம் ஓய்ந்த பிறகு, விட்ட இடத்திலிருந்து மறுபடி தொடங்கி, பதினொன்று இருபத்தைந்துக்குத்தான் மனிதர் உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் மணி அடித்தது.

குடைக்காரி திரும்ப உள்ளே போனாள். என்ன கேட்டாளோ, அக்காவின் குரல் மட்டும் தெளிவாகக் கேட்டது. “பத்து அம்பது. பத்து அம்பதுக்கே பந்து இல்லைம்மா. ஏழு வாரமா எனக்குச் சோறு இறங்கலை.”

எனக்கும்தான் அக்கா, என்று அந்தக் கதவைப் பார்த்து நினைத்துக்கொண்டேன்.

மேதையின் முகத்தை அப்படி நான் பார்த்ததில்லை. அவர் ‘இவர் இல்லையென்றால் அவர்’ என்று முழங்கியபோது, அந்த விதி ஊரிலேயே இல்லை. அலமாரி இரண்டிலும் கோல் இல்லாததற்கு யாரும் திருடியிருக்கவே தேவையில்லை. மேதையின் கை கோட்டுப் பையிலிருந்த பதக்கத்தைத் தேடிப் போய், தொட்டதும் சுட்டதுபோல வெளியே வந்தது. அந்த ஒரு நிமிடம் அவரை எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது.

நிமிடம் முடிந்தது.

“நில்!” என்றார். “அந்த விதி மூணே நாளில் திரும்பி வந்துடுச்சு. விதிக் கோளாறுலதான் கோல் மறைஞ்சதுன்னா, விதி வந்ததும் கோலும் வந்திருக்கணும். பந்து வந்துச்சில்ல?”

“வந்துச்சு” என்றார் வாசல்வரை வந்திருந்த அக்கா. “வலது பெட்டியில. போட்ட இடத்துலயே.”

“அப்போ அலமாரியைத் திறந்து பார்க்கலாம்.”

குடையை இன்னும் இறுக்கி இடுக்கிக்கொண்டேன். காப்பாளர் சாவியோடு வந்தார். மேல் அலமாரி காலி. கீழ் அலமாரியில் விரித்திருந்த சிவப்புத் துணியின் மேல் ஒரு சின்ன அட்டைப்பெட்டி, அதுவும் காலி. மேதையின் பதக்கம் வந்த பெட்டி. விழாவுக்கு முந்தின சாயங்காலம் அதை நான்தான் அங்கே கொண்டுவந்து வைத்தேன்.

“இல்லை!” மேதையின் குரல் பழைய உயரத்துக்கு ஏறியது. “விதி சரியா இருக்கு, கோல் இல்லை. ஆகவே திருட்டு நடந்திருக்கு. ஆகவே என் முடிவு நேரம் தவறியும் சரி! மேதைக்கு விதியே தேவைப்படலை பார்த்தியா, பின்குறிப்பு?”

வாயைத் திறந்தேன். சொல்லிவிடப் போகிறேன் என்றுதான் நானே நினைத்தேன்.

“அடுத்த பதக்கத்துக்கு இன்னும் கொஞ்சம் பெரிய பெட்டியா கேட்டு வாங்கலாம் சார்” என்றேன்.

குடைக்காரி அலமாரியைப் பார்க்கவில்லை. என் கக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

*

மேல்முறையீட்டு அலுவலகத்தில் மூன்றே முக்கால். மேதை வராந்தாவின் ஒரு கோடியில் நடந்தபடி தன் எட்டுப் பக்க அறிக்கையை முணுமுணுப்பாக ஒத்திகை பார்த்தார். நானும் அவளும் பெஞ்சில்.

“ஸ்பிரிங் போயிடுச்சா அண்ணே?”

“எதுக்கு?”

“குடைக்கு. மழை பெஞ்சுது. கையில குடை. தொப்பலா நனைஞ்சீங்க. கொடுங்க, ரெண்டு நிமிஷ வேலை.”

“வேணாம்மா, அது… பழசு.”

அவள் கையை நீட்டினாள். பிடுங்கவில்லை. குடையின் நடுப்பகுதியில் உள்ளங்கையை வைத்து, காய்ச்சல் பார்ப்பதுபோல ஒரு கணம் வைத்திருந்தாள். பிறகு எடுத்துக்கொண்டாள்.

“பதினாலு வருஷமா குடையைத் தொட்டுத்தான் சாப்பிடறேன். கம்பி எட்டும் ஒண்ணோட ஒண்ணு ஒட்டிப் படுக்கணும். உங்க குடைக்கு வயிறு இருக்கு” என்றாள். “மதியம் உங்க மடியில பார்த்ததுலேர்ந்து யோசிச்சுக்கிட்டே வரேன். நீங்களா விரிப்பீங்களான்னு.”

“அம்மாடி, நான்…”

“என்கிட்ட சொல்லாதீங்க அண்ணே. எனக்குக் கையெழுத்துப் போடுற அதிகாரம் இல்லை.”

உள்ளே கூப்பிட்டார்கள்.

அதிகாரி ஒல்லியான அம்மாள். மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்ப்பவர். ஓரத்தில் இரண்டு காவலர்களுக்கு நடுவே துப்புரவு அம்மா நின்றிருந்தார். என்னை அவருக்கு அடையாளம் தெரியவில்லை. மகளைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு, அறையின் தரையைப் பார்த்தார். மூலையில் குப்பை இருந்தது. அவருடைய கை ஒருதடவை அந்தப் பக்கம் அசைந்து நின்றது.

அது போதும் எனக்கு. மேசைக்குப் போனேன். ஏழு வாரத்துக்குப் பிறகு முதல்முறையாக அந்தக் குடையை விரித்தேன். வெள்ளிப்பூண் போட்ட கோல் அதிகாரியின் கோப்பின் மேல் விழுந்து, உருண்டு, மைக்கூட்டில் முட்டி நின்றது.

யாரும் பேசுவதற்குள் மணி அடித்தது.

நீளமான மூன்று அடி. தெரு ஒலிபெருக்கி கரகரத்தது: “பொதுமக்கள் கவனத்துக்கு. ‘இதனால் அது’ விதி சற்றுமுன் விலகியுள்ளது. மறு அறிவிப்பு வரும்வரை, ஒன்றிலிருந்து இன்னொன்றை முடிவு செய்வது செல்லாது.” இந்தத் தடவை மணி உடனே அடித்திருந்தது. பந்துக்கார அக்கா யாரையும் கேட்டிருக்க மாட்டார்.

முதலில் சுதாரித்தவர் மேதைதான். என்னைப் பார்த்தார். கோலைப் பார்த்தார். பதினோரு வருடத்தில் முதல்முறையாக என்னைக் காப்பாற்ற முன்வந்தார், தன்னையும் சேர்த்துத்தான்.

“மேடம், நியதி மாறிடுச்சு! கோல் இங்க இருக்கு. ஆனா அதிலிருந்து அந்தப் பொம்பளை நிரபராதின்னு முடிவு பண்ண முடியாது. இவன் குடையில இருந்துச்சு. அதிலிருந்து இவன் எடுத்தான்னும் வராது. யாரும் ஒண்ணும் சொல்ல வேண்டியதில்லை!”

“சரிதான்” என்றார் அதிகாரி. மேதையின் அறிக்கையை எடுத்து, ‘ஆகவே’ வரும் வாக்கியங்களையெல்லாம் சிவப்பு மையால் அடிக்கத் தொடங்கினார். எட்டுப் பக்கமும் அடித்து முடித்தபோது மிஞ்சியவை அவருடைய பட்டங்களும் கையெழுத்தும்.

“அப்போ எங்கம்மா?” என்றாள் குடைக்காரி.

“பழைய தீர்ப்பு அப்படியே நிக்கும்மா. அதை மாத்தணும்னா எனக்கு ஆதாரம் போதாது, ஆதாரத்திலிருந்து இன்னிக்கு ஒண்ணும் வராது. நேரா நடந்ததைப் பார்த்தவங்க, பார்த்தபடி சொன்னா எழுதிக்குவேன்.” கண்ணாடிக்கு மேலாக அறையைச் சுற்றிப் பார்த்தார். “யாராவது?”

கையைத் தூக்கினேன்.

“மேடம், அன்னிக்கு விழாவுக்கு முந்தின சாயங்காலம் நான் ஏன் அங்க போனேன்னா…”

“‘ஏன்னா’ செல்லாது.”

“மறுநாள் அவருக்குக் கொடுக்கிற பதக்கப் பெட்டிக்கு அலமாரியில இடம் வேணும்ங்கிறதால…”

“‘ஆல’வும் செல்லாது. நடந்தது மட்டும்.”

ஏழு வாரமாக இரவில் படுத்துக்கொண்டு நான் அடுக்கி வைத்திருந்ததெல்லாம் அந்தச் சொற்களில்தான் இருந்தது. பதக்கத்துக்கு எல்லா ஏற்பாடும் ஆகிவிட்டிருந்ததால். மேதையின் பெயர் கெடும் என்பதால். நாளைக்குச் சொல்லிவிடலாம் என்று நினைத்ததால். நாளைக்கு என்பது தினமும் ஒரு நாள் தள்ளிப் போனதால். ஒவ்வொன்றாக உருவி எறிந்துவிட்டுப் பார்த்தால் என்னிடம் கொஞ்சம்தான் மிச்சம் இருந்தது.

“கோல் கீழ் அலமாரியில இருந்துச்சு. நான் பார்த்தேன். நான் எடுத்தேன். குடைக்குள்ள செருகினேன். பதக்கப் பெட்டியை அந்த இடத்துல வெச்சேன். இந்த அம்மா உள்ளே இருக்காங்கன்னு எனக்குத் தெரியும். ஏழு வாரம் தெரியும்.”

அதிகாரி எழுதிக்கொண்டார். என் வாழ்க்கையிலேயே ஜோக் இல்லாமல் பேசிய நீளமான பேச்சு அதுதான்.

“இவங்களை விடுங்க” என்றார் அதிகாரி காவலர்களிடம். பிறகு என்னைக் காட்டி, “இவரை உட்கார வைங்க.”

வெளியே நிருபர்கள் வந்துவிட்டிருந்தார்கள். ஜன்னல் வழியே மேதையின் குரல் கேட்டது. “என் உதவியாளர் மேல எனக்கு முதல் நாளிலிருந்தே சந்தேகம்! ஆகவே…” நிருபர்கள் பேனாக்களை மூடும் சத்தமும் வரிசையாகக் கேட்டது.

துப்புரவு அம்மா என்னைக் கடந்து போகும்போது நின்றார். கிட்டத்தில் பார்த்தால் நான் நினைத்ததைவிடச் சிறிய உருவம்.

“மன்னிச்சிடுங்கம்மா” என்றேன்.

அவர் யோசித்தார். கோபமாகக்கூட இல்லை. பிறகு மகளின் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தார். மன்னிப்புக் கேட்டால் கிடைக்கும் என்பதும் ஒரு ‘இதனால் அது’தான். அன்றைக்கு அது ஊரில் இல்லை.

மகள் மட்டும் வாசலிலிருந்து திரும்பி வந்தாள். மேசைமேல் விரிந்து கிடந்த என் குடையை எடுத்து மடக்கிப் பார்த்தாள். மடங்கவில்லை.

“மூணு கம்பி வளைஞ்சிருக்கு. ஏழு வாரம் பாரம் தாங்கியிருக்கில்ல?” என்றாள். “கடையில வெச்சிருக்கேன். வெளிய வந்ததும் வந்து வாங்கிக்கங்க.”

“சரியாயிடுமா?”

“பார்க்கிறேன்” என்றாள். வெளியே மழை வலுத்திருந்தது. வளைந்த கம்பிகளோடே அதைத் தலைக்குமேல் பிடித்து, தன் அம்மாவை அதன் கீழே இழுத்துக்கொண்டாள்.